எங்கள் வீட்டு நேரம் எங்கள் கையில் இல்லை

குழந்தை வளர்ப்பு பற்றி எழுதுகிறவர்களுக்கும், பள்ளிப் பெற்றோர் கூட்டங்களில் பேச வருகிற ஆலோசகர்களுக்கும், ‘ஒழுங்கான குடும்பத்துக்குத் தினசரி அட்டவணை’ என்று அச்சடித்துக் கொடுக்கிறவர்களுக்கும்

வணக்கம்.

உங்கள் அட்டவணைகள் பல என் கைக்கு வந்திருக்கின்றன. பிள்ளைகளின் பள்ளியில் கொடுத்தது ஒன்று, வாட்ஸ்அப்பில் சுற்றி வந்தவை சில, நான் வேலை பார்க்கும் இடத்தில் நோயாளிகள் காத்திருக்கும் கூடத்துச் சுவரில் ஒட்டியிருப்பது ஒன்று. எழுதியவர்கள் வெவ்வேறு ஆட்கள்தான். ஆனால் எல்லாவற்றிலும் குடியிருப்பது ஒரே குடும்பம். அந்த வீட்டில் காலை ஆறு மணிக்கு எல்லாரும் சிரித்த முகத்தோடு எழுந்திருக்கிறார்கள். பள்ளி விட்டு வரும் பிள்ளைக்குக் கதவைத் திறந்துவிட ஆள் இருக்கிறது. படிப்பதற்குச் சத்தமில்லாத ஒரு மூலை இருக்கிறது. இரவுச் சாப்பாட்டுக்கு எல்லாரும் ஒன்றாக உட்காருகிறார்கள். ஒன்பது மணிக்குள் கதை சொல்லி, முத்தம் கொடுத்து, விளக்கை அணைத்து முடித்துவிடுகிறார்கள். அந்தக் குடும்பத்தை எனக்கும் பிடித்திருக்கிறது. எங்கே வேலை பார்க்கிறார்கள் என்றுதான் தெரியவில்லை.

நான் மருத்துவமனை வார்டில் சுழற்சி முறையில் வேலை பார்க்கும் நர்ஸ். வீட்டுக்காரர் சரக்கு லாரி ஓட்டுகிறார். பிள்ளைகள் இரண்டு பேர், கூடவே மாமியார். ஐந்து பேரும் ஒரே வேளையில் சாப்பிட உட்கார்ந்தால் அன்றைக்கு வீட்டில் ஏதோ விசேஷம் என்று அர்த்தம். இதைப் புலம்பலாக எழுதவில்லை. உங்களோடு சண்டைக்கும் வரவில்லை. ஒரு வீட்டின் ஒழுங்கைப் பற்றி இவ்வளவு பேசுகிற நீங்கள், அந்த வீட்டின் நேரம் யார் கையில் இருக்கிறது என்பதை மட்டும் ஏன் பேசாமல் விட்டுவிடுகிறீர்கள் என்று கேட்கத்தான் எழுதுகிறேன்.

ஒழுங்கே வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன். வீட்டு வழக்கங்களைப் பற்றி ஐம்பது ஆண்டுகளில் வந்த ஆய்வுகளை பார்பரா ஃபீஸ் என்ற உளவியலாளரும் அவரது குழுவினரும் 2002இல் ஒன்றுசேர்த்துப் பார்த்தார்கள். பெற்றோரின் திறமை, பிள்ளைகளின் மனநலம், தம்பதிக்குள் இருக்கும் நிறைவு ஆகியவற்றுக்கும் வீட்டு வழக்கங்களுக்கும் தொடர்பு இருப்பது தெரிந்தது. ஆறு முதல் பன்னிரண்டு வயது வரையுள்ள பிள்ளைகள் 9 முதல் 12 மணி நேரம் தூங்க வேண்டும் என்று அமெரிக்கத் தூக்க மருத்துவக் கழகம் 2016இல் சொன்னது. சரிதான். நானே வார்டில் வருகிற தாய்மார்களிடம் தூக்கத்தைப் பற்றிச் சொல்லித்தான் அனுப்புகிறேன். சொல்லிவிட்டுக் கொட்டாவியை அடக்கிக்கொள்கிறேன்.

நைட் டூட்டி வாரம் எப்படி ஓடும் என்று சொல்கிறேன். இரவு எட்டு மணிக்கு நான் வார்டில் இருக்க வேண்டும். காலையில் அடுத்த ஆள் வந்து, ஒவ்வொரு படுக்கையாக நின்று நோயாளியின் நிலைமையைச் சொல்லி ஒப்படைத்து, கையெழுத்துப் போட்டு வெளியே வர எட்டரை ஆகிவிடும், சில நாள் ஒன்பது. வீடு வந்து சேரும்போது பிள்ளைகள் பள்ளியில். அவர்கள் திரும்பும்போது நான் பாதித் தூக்கத்தில். நாலரையிலிருந்து ஏழு மணி வரைதான் நாங்கள் ஒருவரை ஒருவர் விழித்த கண்ணோடு பார்க்கிற நேரம். சமையல், துணி, மாமியாரின் மாத்திரை டப்பாவை நிரப்புவது, டைரியில் கையெழுத்து எல்லாம் அதற்குள்தான். ‘தரமான நேரம்’ என்று உங்கள் அட்டவணையில் ஒரு கட்டம் இருக்குமே, எங்கள் வீட்டில் அது துணி மடிக்கும் நேரத்தில் விழுகிறது. சின்னவள் காலுறைகளை ஜோடி சேர்த்துக்கொண்டே வகுப்பில் யார் யாரோடு சண்டை என்று சொல்லுவாள். நேருக்கு நேர் உட்கார வைத்துக் கேட்டால் வாயே திறக்கமாட்டாள்.

எங்களுக்கு இருப்பது ஒரே படுக்கையறை. பகலில் நான் தூங்கும்போது பெரியவன் அங்கிருக்கும் இரும்பு அலமாரியிலிருந்து நோட்டை எடுக்க வேண்டியிருக்கும். அதன் கதவு கிறீச்சென்று கத்தும். அவன் கைப்பிடியை லேசாக மேலே தூக்கிப் பிடித்து, கீல் உரசாமல், ஒரு சாண் அளவுக்கு மட்டும் திறந்து, கையை விட்டுத் தடவி எடுத்துக்கொண்டு போவான். யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. பிள்ளைக்குச் சத்தமில்லாத மூலையைப் பெற்றோர் அமைத்துத் தர வேண்டும் என்று நீங்கள் எழுதுகிறீர்கள். எங்கள் வீட்டில் அம்மாவுக்குச் சத்தமில்லாத மூலையைப் பிள்ளை அமைத்துத் தருகிறான்.

இதையெல்லாம் ஒரு பெற்றோர் கூட்டத்தில் சொன்னேன். பேச வந்திருந்த ஆலோசகர் நல்ல மனிதர்தான். பொறுமையாகக் கேட்டுவிட்டு, “மனமிருந்தால் மார்க்கமுண்டு அம்மா” என்றார். கைதட்டினார்கள். டூட்டி சார்ட்டைப் போடுவது என் மனமாக இருந்தால் மார்க்கமும் இருந்திருக்கும்.

எங்கள் கட்டடத்தின் மேல்மாடியில் ஒரு குடும்பம் இருக்கிறது. கணவன் மனைவி இருவரும் பெரிய வேலை. உங்கள் அட்டவணைக்கு மிக அருகில் வாழ்கிறவர்கள் என்றால் அவர்கள்தான். ஏழு மணிக்குப் பிள்ளைகள் குளித்து, தலைவாரி, சூடாகச் சாப்பிட்டுவிட்டு வாசலில் நிற்பார்கள். காரணம், ஆறு மணிக்குச் சமைக்க ஓர் அக்கா வந்துவிடுகிறார். ஆறு மணிக்கு இங்கே இருக்க வேண்டுமானால் ஐந்து மணிக்கு அவர் தன் வீட்டை விட்டுக் கிளம்ப வேண்டும். அவருடைய பிள்ளைகள் தாங்களாகவே எழுந்து, முந்தின இரவு மூடி வைத்ததைச் சாப்பிட்டு, வீட்டைப் பூட்டி, சாவியைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டுப் போகிறார்கள். ஆறாவது படிக்கிற பெண் தம்பிக்குச் சட்டைப் பொத்தான் போட்டுவிடுகிறாள். மாடி வீட்டுக் காலை ஒழுங்காக நடப்பதற்கு இன்னொரு வீட்டுக் காலை விலையாகப் போகிறது. இரண்டு வீட்டுப் பிள்ளைகளுக்கும் அவரவர் பள்ளியில் நீங்கள் கொடுக்கிற தாள் ஒன்றுதான்.

இது ஏதோ எங்கள் கட்டடத்துக் கதை என்று நினைத்துவிடாதீர்கள். உலகத்தில் அடுத்தவர் வீடுகளில் வேலை செய்கிறவர்கள் 7 கோடியே 56 லட்சம் பேர் என்று பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பு 2021இல் கணக்குச் சொன்னது. நான்கில் மூன்று பேர் பெண்கள். அவர்களுக்காக 2011இல் அந்த அமைப்பு நிறைவேற்றிய 189ஆவது உடன்படிக்கை, வாரத்துக்குத் தொடர்ச்சியாக 24 மணி நேரமாவது ஓய்வு வேண்டும் என்கிறது. அதைவிட எனக்கு முக்கியமாகப் படுவது அதில் இருக்கும் இன்னொரு பிரிவு. தன் நேரத்தைத் தன் இஷ்டப்படி செலவிட முடியாமல், எப்போது கூப்பிட்டாலும் வருவதற்குத் தயாராக இருக்கிற நேரத்தையும் வேலை நேரமாகக் கருத வேண்டும் என்கிறது. எவ்வளவு என்பதை அந்தந்த நாட்டுச் சட்டம் முடிவு செய்யும். ஆனால் காத்திருக்கிற நேரம் சொந்த நேரம் இல்லை என்பதை எழுத்தில் ஒப்புக்கொண்டார்களே, அது பெரிய விஷயம்.

மாடி வீட்டாரையும் நான் குறை சொல்லவில்லை. அந்த அம்மாவுக்கு ராத்திரி பதினொரு மணிக்கு வேறு ஏதோ கண்டத்தில் இருப்பவர்களோடு மீட்டிங். பிள்ளைகளுக்கு நீச்சல், பாட்டு, கணக்கு என்று ஒன்று முடிந்தால் இன்னொன்று. சாயங்காலம் முழுவதும் காரிலேயே போய்விடுகிறது. அவர்களுடைய நேரமும் முழுக்க அவர்கள் கையில் இல்லைதான். இருந்தாலும் ஒரு வகுப்பை நிறுத்தினால் அவர்களுக்கு ஒரு மணி நேரம் மிச்சம். சமைக்க வருகிற அக்கா ஒரு வீட்டை நிறுத்தினால் அவருக்கும் ஒரு மணி நேரம் மிச்சம், கூடவே அந்த வீட்டுச் சம்பளமும் போய்விடும். இரண்டையும் ‘நேர மேலாண்மை’ என்ற ஒரே தலைப்பில் நீங்கள் எழுதிவிடுகிறீர்கள்.

இன்னும் எத்தனையோ வீடுகள் இருக்கின்றன. தனியாகப் பிள்ளை வளர்க்கிறவர்கள், பெற்றோர் வெளிநாட்டில் வேலைக்குப் போய்விட்டதால் தாத்தா பாட்டியிடம் வளர்கிற பிள்ளைகள். மறதிநோய் வந்த பெரியவர் இருக்கிற வீட்டில் பொழுது சாயச் சாயத்தான் அவருக்குப் பரபரப்பு கூடும். ராத்திரி இரண்டு மணிக்கு ஆபீசுக்கு நேரமாகிவிட்டது என்று சட்டையை மாட்டிக்கொண்டு நிற்பார். அந்த வீட்டில் ஒன்பது மணிக்கு விளக்கை அணைத்து என்ன பயன்?

எல்லா வகை வீட்டிலும் ஒன்று மட்டும் பொதுவாக இருக்கிறது, சம்பளமில்லாத வீட்டு வேலை பெரும்பாலும் பெண்கள் தலையில்தான். ‘எட்டு மணி நேரம் வேலை, எட்டு மணி நேரம் ஓய்வு, எட்டு மணி நேரம் நமக்கு’ என்று பத்தொன்பதாம் நூற்றாண்டில் தொழிலாளர்கள் முழங்கினார்கள். அருமையான முழக்கம், போராடி வாங்கியது. ஆனால் பாத்திரம் கழுவுவது அந்த மூன்றில் எந்த எட்டில் வருகிறது என்று அன்றைக்கு யாரும் கேட்டதாகத் தெரியவில்லை. சம்பளமில்லாத வீட்டுப் பராமரிப்பு வேலைக்குப் பெண்கள் ஒரு நாளைக்குச் சராசரியாக 4 மணி 25 நிமிடமும் ஆண்கள் 1 மணி 23 நிமிடமும் செலவிடுகிறார்கள் என்று அதே தொழிலாளர் அமைப்பு 2018இல் உலகக் கணக்காக வெளியிட்டது. உங்கள் அட்டவணையில் ‘பெற்றோர்’ என்று போட்டிருக்கும் இடங்களில் எல்லாம் ‘அம்மா’ என்று படித்துப் பாருங்கள், பெரும்பாலும் சரியாகப் பொருந்தும்.

அப்புறம் ஒன்று. எங்கள் வீட்டில் ஒழுங்கே கிடையாது என்று நினைத்துவிட வேண்டாம். கடிகாரத்தைப் பார்த்து நடப்பதில்லை, அவ்வளவுதான். எது முடிந்ததும் எது என்ற வரிசை எங்களுக்கு உண்டு. சாயங்காலம் முதலில் வீட்டுக்கு வருகிறவர் குடிதண்ணீர் நிரப்ப வேண்டும். கடைசியாக வருகிறவர்தான் மேல் தாழ்ப்பாள் போட வேண்டும். அதுவரை அதை யாரும் தொடக்கூடாது. நான் நைட் டூட்டியில் இருந்தால் பிள்ளைகள் படுக்கும் முன் ஒரு போன். அது இத்தனை மணிக்கு என்று கிடையாது. இரவு மருந்து கொடுத்து முடித்ததும் கூப்பிடுவேன். ‘அம்மா மருந்து கொடுத்து முடிச்சதும்’ என்பதுதான் எங்கள் வீட்டில் அதற்குப் பெயர். ஒன்பதாகவும் இருக்கலாம், பத்தாகவும் இருக்கலாம். அதற்குள் சின்னவள் தூங்கிவிட்டால் மாமியார் போனை அவள் காதில் வைத்து என்னைப் பேசச் சொல்லுவார். நேற்று என்ன பேசினாய் என்று மறுநாள் எனக்கு விசாரணை நடக்கும். வீட்டுக்காரர் வழியில் எந்த ஊரில் நிறுத்தினாலும் அந்த ஊர்ப் பெயர்ப் பலகையைப் படம் எடுத்து அனுப்புவார். பெரியவனுக்குப் புவியியலில் மட்டும் நல்ல மதிப்பெண் வருவதற்கு அதுதான் காரணம் என்பது அவர் கட்சி.

அடுத்தது என்ன என்று தெரிந்தால் போதும், மணி முன்னே பின்னே ஆனாலும் பிள்ளைகள் சமாளித்துக்கொள்கிறார்கள் என்பது நான் பார்த்த வரையில் உண்மை. வீட்டைக் கலைப்பது வேறொன்று. டூட்டி சார்ட் வந்ததும் பெரியவன் அதைப் பார்த்து ஒரு தாளில் கட்டம் போட்டு, நைட்டுக்கு நீலம், பகலுக்கு மஞ்சள் என்று வண்ணம் தீட்டி ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டுவான். நீலம் தொடர்ந்து வந்தால்கூட முணுமுணுக்க மாட்டான். ஆனால் யாரோ லீவு போட்டார்கள் என்று இரவோடு இரவாகச் சார்ட் மாறி, மஞ்சள் நாள் நீலமாகிவிட்டால் அன்றைக்கு அவன் முகத்தைப் பார்க்க முடியாது. அப்படி இரண்டு முறை நடந்த மாதத்தில் அந்தத் தாளுக்கு வண்ணம் தீட்டுவதையே விட்டுவிட்டான். வேலை நேரம் கடுமையாக இருப்பதைக்கூட வீடு தாங்கிக்கொள்கிறது. எப்போது மாறும் என்று தெரியாததைத்தான் தாங்குவதில்லை.

உங்களில் பலர் மேடையில் சொல்லுகிற மார்ஷ்மெல்லோ மிட்டாய்ச் சோதனையை இங்கே நினைத்துப் பார்க்கலாம். 1960களின் கடைசியில் அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தில் உளவியலாளர் வால்டர் மிஷல் தொடங்கியது. பிள்ளையின் முன்னால் மிட்டாயை வைத்துவிடுவார்கள். இப்போதே தின்றால் ஒன்று, காத்திருந்தால் இரண்டு. காத்திருந்த பிள்ளைகள் பின்னாளில் நன்றாகப் படித்தார்கள், ஆகவே தன்னடக்கத்தைக் கற்றுக்கொடுங்கள் என்று முடிப்பீர்கள். அதற்குப் பிறகு நடந்ததையும் சேர்த்துச் சொன்னால் நன்றாக இருக்கும். 2018இல் டைலர் வாட்ஸும் உடன் ஆய்வாளர்களும் 900க்கு மேற்பட்ட பிள்ளைகளின் தரவுகளை வைத்துப் பார்த்தபோது அந்தத் தொடர்பு பழைய ஆய்வில் இருந்ததில் பாதியாகத்தான் இருந்தது. குடும்பப் பின்னணி, சிறு வயது அறிவுத்திறன், வீட்டுச் சூழல் ஆகியவற்றைக் கணக்கில் எடுத்ததும் அதிலும் மூன்றில் இரண்டு பங்கு குறைந்துவிட்டது.

அதற்குச் சில ஆண்டுகள் முன்பு, 2013இல், ராச்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் செலஸ்ட் கிட் குழுவினர் செய்தது எனக்கு இன்னும் பிடித்தது. 28 குழந்தைகள். சோதனைக்கு முன்னால், படம் வரைய நல்ல புதுச் சாமான்கள் கொண்டுவருகிறேன், காத்திரு என்று ஒரு பெரியவர் சொல்லிவிட்டுப் போவார். பாதிப் பேருக்குச் சொன்னபடியே கொண்டுவந்தார். மீதிப் பேரிடம் வெறுங்கையோடு வந்து, மன்னித்துக்கொள், இல்லை என்றார். அடுத்து ஸ்டிக்கர் தருவதாகச் சொன்னபோதும் இதேபோலத்தான். அப்புறம்தான் மிட்டாயை வைத்தார்கள். சொன்ன சொல் காப்பாற்றப்பட்ட பிள்ளைகள் சராசரியாக 12 நிமிடம் காத்திருந்தார்கள். ஏமாந்த பிள்ளைகள் 3 நிமிடம். வெறும் இரண்டு ஏமாற்றம்தான், வரைகிற சாமானில் ஒன்று, ஸ்டிக்கரில் ஒன்று. அதற்கே இந்த வித்தியாசம். தாளுக்கு வண்ணம் தீட்டுவதை விட்ட என் மகனுக்குத் தன்னடக்க வகுப்பு வைப்பதைவிட, சார்ட்டைக் கடைசி நேரத்தில் மாற்றாமல் இருப்பது அதிக பலன் தரும் என்று நான் சொல்வது இதனால்தான்.

அது நடக்காத காரியமும் இல்லை. அமெரிக்காவின் ஓரிகன் மாநிலம் 2017இல் ஒரு சட்டம் போட்டது. 500 பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கிற பெரிய கடை, உணவக, விடுதி நிறுவனங்கள் ஊழியர்களின் வேலை நேரத்தை முன்கூட்டியே எழுத்தில் தர வேண்டும். முதலில் ஏழு நாள் முன்பு என்று இருந்தது, 2020இலிருந்து பதினான்கு நாள். பதினான்கு நாள்! எங்கள் வீட்டில் அப்படி ஒரு தாள் வந்தால் மாமியாரின் கண் பரிசோதனைக்குத் தேதி வாங்கலாம். தள்ளிப்போட்டுத் தள்ளிப்போட்டு அது இன்னும் நடக்கவில்லை.

உங்கள் பேச்சுக்கு மரியாதை இருக்கிறது. பள்ளி நிர்வாகங்கள் கூப்பிடுகின்றன, நிறுவனங்கள் ஊழியர் நலக் கூட்டத்துக்கு அழைக்கின்றன, பத்திரிகைகள் பக்கம் ஒதுக்குகின்றன. அந்த மேடைகளில் பெற்றோரைப் பார்த்துச் சொல்கிற அறிவுரையில் கொஞ்சத்தை அழைத்தவர்களைப் பார்த்தும் சொல்லுங்கள். வேலை நேரத்தை இரண்டு வாரம் முன்னதாகச் சொன்னால் உங்கள் ஊழியர் வீட்டுப் பிள்ளை நிம்மதியாகத் தூங்கும் என்று ஒரு நிறுவனத்து மேடையில் நீங்கள் சொன்னால் அதற்கு எடை இருக்கும். நான் சொன்னால் லீவு கேட்கிறேன் என்று நினைத்துக்கொள்வார்கள். பள்ளிகளிடமும் சொல்ல வேண்டியது இருக்கிறது. நாளைக்குக் காலையில் வண்ண அட்டையும் பசையும் வேண்டும் என்று இரவு ஒன்பதரைக்குச் செய்தி அனுப்புகிற பழக்கத்தை நிறுத்தச் சொல்லுங்கள். அந்த நேரத்தில் கடைக்கு ஓட எல்லா வீட்டிலும் ஆள் இருப்பதில்லை. செயல்திட்ட வேலைகளுக்கு ஒரு வாரம் முன்னதாகச் சொன்னால் யாருக்கும் நஷ்டம் இல்லை.

அட்டவணையும் போடுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆறு மணி, ஏழு மணி என்று ஆரம்பிப்பதற்கு முன்னால், இன்றைக்கு எந்த நேரம் உங்கள் கையில் இருக்கிறது என்று கேட்டு ஒரு காலி இடம் விடுங்கள். இரண்டரை மணி நேரம் என்று நான் எழுதுவேன். மாடி வீட்டம்மா என்ன எழுதுவார் என்று தெரியவில்லை. சமைக்க வருகிற அக்கா அந்த இடத்தை அப்படியே விட்டாலும் விடுவார். அந்தப் பதிலைப் பார்த்துவிட்டு உங்கள் அறிவுரையைத் தொடங்குங்கள். ஒன்றாகச் சாப்பிட முடியாத வீட்டுக்கு ஒன்றாகத் துணி மடிப்பதையோ, ஒரே ஒரு போனையோ நீங்களே ஒரு வழக்கமாக எழுதிக் கொடுக்கலாம். தோற்றுப்போன மாதிரி உட்கார்ந்திருக்கிற பெற்றோர், இதைத்தானே நாம் ஏற்கெனவே செய்கிறோம் என்று நிமிர்ந்து உட்காருவார்கள்.

அடுத்த பெற்றோர் கூட்டம் புதன்கிழமை காலை பதினொரு மணிக்கு என்று சுற்றறிக்கை வந்திருக்கிறது. தலைப்பு, ‘குடும்பத்தோடு நேரம் செலவிடுவது எப்படி’. அன்றைக்கு எனக்குப் பகல் டூட்டி, வீட்டுக்காரர் லாரியில். ஞாயிற்றுக்கிழமை மதியம் மூன்று மணிக்கு மாற்ற முடியுமா என்று பாருங்கள். என்னால் வர முடியும். சமைக்க வருகிற அக்காவின் பிள்ளைகள் படிப்பது வேறு பள்ளி. ஆனாலும் ஞாயிறு இரண்டு மணிக்கு மேல் அவருக்கு வேலை இல்லை, அனுமதித்தால் கூட்டிக்கொண்டு வருகிறேன். மாடி வீட்டாரிடம் இன்னும் கேட்கவில்லை. தேதி மாறினால் மட்டும் ஒரு வாரம் முன்னதாகச் சொல்லிவிடுங்கள்.

இப்படிக்கு,
இரண்டு பிள்ளைகளின் தாய், சுழற்சிப் பணிச் செவிலியர்